சுவரொட்டியில் சாக்ஸபோன், மேடையில் கீபோர்டு: பாட்டிரவுக் குழுவினருக்கு ஒரு திறந்த மடல்

எர்ணாகுளத்தில் பழைய மலையாளத் திரைப்பாடல்களுக்கென்று ஆண்டுதோறும் விழா எடுக்கும் குழுவினருக்கு,

இந்த வருட நிகழ்ச்சிக்கு சாக்ஸபோனும் ட்ரம்பெட்டும் தேவையில்லை என்று நீங்கள் எடுத்த முடிவு, உங்கள் ஆர்க்கெஸ்ட்ரா இன்சார்ஜ் அனுப்பிய குரல் பதிவாக எனக்கு வந்து சேர்ந்தது. “சாக்ஸ் பிட் எல்லாம் கீபோர்டுலயே போட்டுக்கலாம்னு கமிட்டி சொல்லிடுச்சு சார். ரொம்ப முக்கியமான இடம்னா ட்ராக் ஓட்டிடுவாங்க.” அவர்மேல் எனக்குக் கோபமில்லை. சொல்லச் சொன்னதைச் சொன்னார். மறுநாள் அதே எண்ணிலிருந்து சுவரொட்டியும் வந்தது. நடுவில் பழைய பாணி மைக், இடப்பக்கம் வால்வு ரேடியோ, வலப்பக்கம் தங்க நிறத்தில் பளபளவென்று ஓர் ஆல்டோ சாக்ஸபோன். கீழே பெரிய எழுத்தில் ‘அன்று கேட்டது அப்படியே’.

படத்துக்கு வேண்டும், பாட்டுக்கு வேண்டாம். கல்யாணப் பத்திரிகையில் நாதஸ்வரம் அச்சடித்துவிட்டு, தாலி கட்டும் நேரத்தில் செல்போனில் கெட்டிமேளம் ஓட்டுவது போல இருக்கிறது இது.

உங்கள் மேடையில் பல வருடம் வாசித்தவன் என்ற உரிமையில் எழுதுகிறேன். மலையாளம் பேசுவேன், எழுத வராது. குழுவில் சென்னையில் படித்து வளர்ந்தவர்கள் இருக்கிறீர்கள். மற்றவர்களுக்கு நீங்கள் வாசித்துக் காட்டுங்கள். தனியாக ஒரு கடிதம் போட்டிருக்கலாமே என்று கேட்பீர்கள். போன வருடம் கிளாரினெட்டை எடுத்தபோது அப்படித்தான் போட்டேன். ‘அடுத்த முறை பார்க்கலாம்’ என்று பதில் வந்தது. அடுத்த முறை இப்படி என்றால் நாலு பேர் அறியப் பேசுவதே மேல். என் ஒரு நாள் சம்பளம் போனதற்காக எழுதவில்லை என்று பூசி மெழுகவும் மாட்டேன். அதற்காகவும்தான் எழுதுகிறேன். ஆனால் அது மட்டும் என்றால் இவ்வளவு நீளம் எழுதியிருக்க மாட்டேன்.

நீங்கள் ‘அப்படியே’ தருவதாகச் சொல்லும் பாட்டுகளில் பெரும்பகுதி கேரளத்தில் பதிவானவை அல்ல. 1980-இல் திருவனந்தபுரத்தில் யேசுதாஸ் தரங்கிணி ஸ்டுடியோவைத் தொடங்கும் வரைக்கும், அதற்குப் பிறகும் பல காலம், மலையாளப் பாட்டு பெரும்பாலும் பதிவானது கோடம்பாக்கத்திலும் வடபழனியிலும் சாலிகிராமத்திலும்தான். ஏவிஎம், பரணி, விஜயா கார்டன், பிரசாத் என்று ஒவ்வொரு ஹாலுக்கும் ஒரு குணம் உண்டு. தேவராஜன் மாஸ்டர் மெட்டமைத்து, ஆர்.கே. சேகர் வாத்தியங்களுக்குப் பிரித்து எழுதி, தமிழரும் தெலுங்கரும் மலையாளியும் ஆங்கிலோ இந்தியரும் ஒரே வரிசையில் உட்கார்ந்து வாசித்துத்தான் அந்தப் பாட்டுகள் உங்கள் வீட்டு ரேடியோவுக்கு வந்தன. 1976-இல் சேகர் இறந்தபோது அவர் எழுதிக் கொடுத்த நோட்ஸைப் பார்த்து வாசித்தவர்கள் எத்தனை பேர் என்று யாரும் கணக்கெடுக்கவில்லை. மகன் ஏ.ஆர். ரஹ்மான் பெரிய ஆளானதால் அப்பாவின் பெயர் நிலைத்தது. அவர் எதிரில் உட்கார்ந்து வாசித்தவர்களுக்கு அப்படி ஒரு மகன் அமையவில்லை.

அந்த ஹாலுக்குள் சாக்ஸபோன்காரர் எப்படி வந்தார்? சிலர் போலீஸ் பேண்டிலிருந்தும் ராணுவ பேண்டிலிருந்தும் வந்தார்கள். சிலர் தேவாலயத்து பேண்ட் செட்டிலிருந்து. இன்னும் சிலர் ரயில்வேயில் வேலை பார்த்துக்கொண்டே சனிக்கிழமை இரவு டான்ஸ்களுக்கு வாசித்த ஆங்கிலோ இந்தியர்கள். என் வாத்தியார் இந்தக் கடைசி ரகம். பெரம்பூர் ரயில்வே இன்ஸ்டிடியூட்டில் வாசித்துப் பழகிய கை. பகலில் ஒர்க்‌ஷாப், லீவு கிடைத்தால் கோடம்பாக்கம். மலையாளம் ஒரு சொல் தெரியாது அவருக்கு. மலையாளப் பாட்டுக்கு எங்கே மூச்சு விட வேண்டும் என்பது மட்டும் தெரியும்.

பாடகரும் வாத்தியக்காரர்களும் ஒன்றாக உட்கார்ந்து ஒரே டேக்கில் பதிவு செய்த காலத்தைப் பற்றி அவர் சொல்வார். சாக்ஸ் சத்தம் வயலின்களை விழுங்கிவிடும் என்று அவரை ஹாலின் கோடிக்குத் தள்ளி, சுவரைப் பார்த்து நிற்க வைத்துவிடுவார்களாம். பல்லவி, அனுபல்லவி, முதல் சரணம் முழுக்கச் சும்மா நிற்க வேண்டும். இரண்டாவது சரணத்துக்கு முன்னால் நாலே நாலு பார், அதாவது நாலு தாளச் சுற்று. அதுவரை, ஊதும்போது அதிரும் நாணல் பட்டையான ரீட் காய்ந்து போகாமல் வாயிலேயே நனைத்துக்கொண்டு, வாத்தியம் குளிர்ந்து சுருதி இறங்காமல் சத்தம் வராதபடி குழாய்க்குள் சூடான காற்றை ஊதிக்கொண்டு, கண்டக்டரைக் கழுத்தைத் திருப்பிப் பார்த்துக்கொண்டு நிற்பார். அந்த நாலு பாரில் ஒரு கீச்சுச் சத்தம் வந்தால் மொத்தக் கூட்டமும் பல்லவியிலிருந்து மறுபடி. நீங்கள் இன்று கீபோர்டில் ஒரு விரலால் போட்டுக்கொள்ளலாம் என்று முடிவு செய்திருப்பது அந்த நாலு பாரைத்தான்.

மலையாளத் திரையிசைக்குள் சாக்ஸபோன் வந்த வழி ஒன்றும் கௌரவமானதல்ல. அறுபதுகளிலும் எழுபதுகளிலும் அது கிளப் டான்ஸ் வாத்தியம். பாங்கோ தட்டத் தொடங்கி, சாக்ஸ் ஒரு இழுப்பு இழுத்தால் யாரோ கெட்டுப்போகப் போகிறார்கள் என்று தியேட்டரில் இருப்பவருக்குத் தெரியும். கள்ளக்கடத்தல்காரன் கையில் கிளாஸ் எடுத்தாலும் நாங்கள்தான், நாயகி அறைக் கதவு சாத்தினாலும் நாங்கள்தான். தமிழிலும் இந்தியிலும் நிலைமை இதேதான், மலையாளத்துக்கென்று தனிப் பாவம் ஒன்றுமில்லை.

மலையாளத்தில் எனக்குப் பிடித்தது அதற்கப்புறம் நடந்தது. சாக்ஸபோனை டான்ஸ் ஹாலிலிருந்து வெளியே கொண்டுவந்து, மழை பெய்யும் லாட்ஜ் அறையில் தனியாக உட்கார்ந்திருக்கும் ஒருவன் பக்கத்தில் உட்கார வைத்தார்கள். இது என் அபிப்பிராயம்; மறுப்பவர்கள் இருக்கலாம். ஆனால் அந்தத் தலைமுறை இசையமைப்பாளர்கள் எங்கிருந்து வந்தார்கள் என்று பாருங்கள். ஷ்யாம் சென்னையில் பிறந்த சாமுவேல் ஜோசஃப், வயலின்காரர், சலில் சௌத்ரியிடம் உதவியாளராக இருந்தவர். கே.ஜே. ஜாய் அக்கார்டியன் வாசித்து வளர்ந்தவர். ஜெர்ரி அமல்தேவ் நௌஷாத்திடம் வேலை பார்த்து, அமெரிக்காவில் இசை படித்து, 1980-இல் முதல் மலையாளப் படத்துக்கு இசையமைத்தவர். ஜான்சன் திருச்சூர் நெல்லிக்குன்னு தேவாலயப் பாடகர் குழுவில் தொடங்கி, ‘வாய்ஸ் ஆஃப் திருச்சூர்’ மேடை வழியாக தேவராஜன் மாஸ்டரிடம் வந்தவர். ஔசேப்பச்சனும் அதே மேடையில் வயலின் வாசித்தவர். இவர்கள் யாருக்கும் மேற்கத்திய வாத்தியம் வெளியூர்ச் சரக்கல்ல. அதை எங்கே எழுத வேண்டும் என்பதோடு, எங்கே எழுதாமல் விட வேண்டும் என்பதும் தெரிந்தவர்கள்.

எழுதாமல் விடுவது பற்றி ஒன்று சொல்ல வேண்டும். ஒரு படத்தின் ரீ-ரெக்கார்டிங், அதாவது பின்னணி இசைப் பதிவு. படத்தின் பெயர் வேண்டாம். திரையில் ரீல் ஓடுகிறது. ஒரு நடுவயதுக்காரர் ஜன்னலோரம் நின்று தெருவைப் பார்க்கிறார். எனக்கு டெனர் சாக்ஸில் எட்டு பார் எழுதியிருந்தது. முதல் முறை வாசித்தபோது நான் கொஞ்சம் குழைந்துவிட்டேன், டான்ஸ் பேண்ட் பழக்கம். இசையமைப்பாளர் கண்ணாடிக்கு அந்தப் பக்கத்திலிருந்து பட்டனை அழுத்திச் சொன்னார்: “அவர் அழலை. யோசிக்கிறார், அவ்வளவுதான்.” பிறகு பென்சிலை எடுத்துக்கொண்டு உள்ளே வந்து, எட்டு பாரில் மூன்றை அடித்தார். மிச்சத்தில் பாதியைச் சத்தமே இல்லாத அளவுக்குக் காற்றோடு சேர்த்து ஊதச் சொன்னார். சப்டோன் என்போம் அதை. ரீட் முழுசாக அதிராது. காற்றும் சுரமும் பாதிப் பாதி. ஜன்னல் காட்சிக்கு அது போதுமாக இருந்தது. மலையாளப் படத்தில் எங்களிடம் கேட்கப்பட்டது பெரும்பாலும் இந்த மாதிரி வேலைதான். தனியாவர்த்தனம் வாசித்துக் கைதட்டு வாங்கும் இடம் அபூர்வம். பாடகர் ஒரு வரியை முடித்து அடுத்த வரிக்கு மூச்சு எடுக்கும் இடைவெளியில் நுழைந்து, அவர் திரும்பி வருவதற்குள் வெளியேறிவிட வேண்டும்.

இதை ஏன் கீபோர்டால் செய்ய முடியாது என்று உங்களுக்கு விளக்க வேண்டியிருப்பதே எனக்கு வருத்தம். கீபோர்டு வாசிப்பவர்கள் என் நண்பர்கள். மலையாளத் திரையிசையில் கீபோர்டுக்குப் பாதை போட்டவராகச் சொல்லப்படும் ஜாய் மாஸ்டரே வாத்தியக்காரர்கள் கூட்டத்திலிருந்து வந்தவர்தான். 2024 ஜனவரியில் அவர் சென்னையில் காலமானபோது கூடியவர்களில் எல்லா வாத்தியக்காரர்களும் உண்டு. எனக்கு வாத்தியத்தோடு சண்டையில்லை. ஒரே ஆளிடம் இடது கையில் ஸ்ட்ரிங்ஸ், வலது கையில் புல்லாங்குழல், நடுவில் சாக்ஸ் என்று கீபோர்டைப் பிரித்துக் கொடுத்து, “எல்லாம் நீயே பார்த்துக்கொள்” என்கிறீர்களே, அதோடுதான் சண்டை.

சாக்ஸில் ஒரு சுரம் தொடங்கும்போது முதலில் காற்று வருகிறது, பிறகு நாக்கு ரீட்டை விடுகிறது, சுருதி கொஞ்சம் கீழேயிருந்து ஏறி இடத்துக்கு வருகிறது. எவ்வளவு கீழேயிருந்து, எவ்வளவு நேரத்தில் என்பதைப் பாடகர் விட்டுச் சென்ற கடைசிச் சுரம் தீர்மானிக்கிறது. பாடகர் இன்று இழுத்துப் பாடினால் நான் தாமதிப்பேன், வெட்டிப் பாடினால் முந்துவேன். கீபோர்டில் கட்டையை அழுத்திய கணத்தில் யாரோ ஒருவர் ஏதோ ஒரு ஊரில் என்றோ ஊதிய சுரம், ஊதியபடியே வந்து விழுகிறது. பிட்ச் வீலைத் திருகி அதை வளைக்கலாம்தான். அதற்கு இன்னொரு கை வேண்டும், அந்தக் கை ஸ்ட்ரிங்ஸில் இருக்கிறது. மூச்சால் இயக்கும் கன்ட்ரோலர்கள் வந்திருக்கின்றன. அதை வாயில் வைத்து ஒழுங்காக வாசிக்க ஆள் வைப்பதானால் சாக்ஸபோன்காரரையே வைக்கலாம்.

கமகமும் அப்படித்தான். மலையாள மெட்டுகளில் மோகனமும் ஆபேரியும் சிவரஞ்சனியும் எவ்வளவு புழங்குகின்றன என்று உங்களுக்கே தெரியும். சாக்ஸில் கமகம் வராது என்று ஒரு காலத்தில் சொன்னார்கள். கத்ரி கோபால்நாத் மைசூர் அரண்மனை பேண்டில் அந்த வாத்தியத்தைக் கேட்டு ஆசைப்பட்டு, உதட்டாலும் விரலாலும் அதைக் கர்நாடக சங்கீதத்துக்குப் படிய வைத்துக் காட்டினார். அவருக்குச் சென்னையில் சொல்லிக் கொடுத்த டி.வி. கோபாலகிருஷ்ணன் உங்கள் அரங்கிலிருந்து கூப்பிடு தூரத்தில் இருக்கும் திருப்பூணித்துறையில் பிறந்தவர். உங்கள் ஊர்க்காரர் வழிகாட்டி உலகத்துக்குத் தெரிந்த ஒரு விஷயத்தை உங்கள் ஊர் மேடையிலிருந்து எடுக்கிறீர்கள்.

சுருதி விஷயத்தையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் ‘சாக்ஸ்காரங்க கடைசி நேரத்துல தகராறு பண்றாங்க’ என்று உங்களில் ஒருவர் சொன்னதாகக் கேள்விப்பட்டேன். ஆல்டோ சாக்ஸ் ஈ ஃப்ளாட் வாத்தியம்; மற்றவர்களின் நோட்டை வேறு கட்டைக்கு மாற்றித்தான் வாசிக்க வேண்டும். பாட்டு டி மைனரில் இருந்தால் எனக்கு அது பி மைனர், இரண்டே ஷார்ப், வழுக்கிக்கொண்டு போகும். பாடகருக்கு அன்றைக்குத் தொண்டை சரியில்லை, அரைக் கட்டை இறக்குங்கள் என்கிறார். கீபோர்டில் ஒரு பட்டன். எனக்கு அது பி ஃப்ளாட் மைனர், ஐந்து ஃப்ளாட், விரல் வைக்கும் இடமெல்லாம் மாறும். அதையும் வாசித்திருக்கிறோம், மேடையில் நின்றபடியே மனதுக்குள் மாற்றிக்கொண்டு. ஒரு நாள் முன்னால் சொன்னால் நன்றாக வாசிப்போம் என்று கேட்டதுதான் தகராறு. குளிரூட்டிய அரங்கில் ஒரு மணி நேரம் உட்கார வைத்துவிட்டு, திடீரென்று எழுப்பி வாசிக்கச் சொன்னால் வாத்தியம் குளிர்ந்து சுருதி இறங்கியிருக்கும். ஓரமாக நின்று ஊதிச் சூடாக்க ஓர் இடம் கேட்டோம், அதுவும் தகராறு. சவுண்ட் செய்பவர் மைக்கை வாத்தியத்தின் வாய்க்குள்ளேயே செருகுவார். சாக்ஸின் சத்தம் வாயிலிருந்து மட்டும் வருவதில்லை, மூடி திறக்கும் எல்லா ஓட்டையிலிருந்தும் வருகிறது, கொஞ்சம் தள்ளி நடுவே வையுங்கள் என்போம். இதற்கெல்லாம் முகம் சுளித்துவிட்டு, ‘லைவ் சாக்ஸ் கேட்கவே நல்லா இல்ல’ என்று மதிப்பெண் போடுகிறீர்கள்.

செலவு என்பீர்கள். மேடைக்குப் பின்னால் எல்இடி திரை வைத்தீர்கள், பழைய படக் காட்சிகளை ஓட்டினீர்கள், தலைக்கு மேலே ட்ரோன் பறந்தது. வேண்டாம் என்று சொல்லவில்லை. செலவைக் குறைக்க உட்கார்ந்தபோது முதலில் உங்கள் கண்ணில் பட்டது ஊதுகிறவர்கள்தானா என்று கேட்கிறேன். ஆள் கிடைக்கவில்லை என்பீர்கள். திருச்சூரிலும் ஆலப்புழையிலும் உங்கள் எர்ணாகுளத்திலுமே தேவாலயப் பெருநாள் சீசனில் தெருவுக்குத் தெரு பேண்ட் செட் போகிறது. கிளாரினெட், ட்ரம்பெட், சாக்ஸ், யூஃபோனியம் எல்லாம் உண்டு, வாசிப்பவை பெரும்பாலும் திரைப்பாடல்கள். 2013-இல் குட்டநாட்டு தேவாலய பேண்டை வைத்து ‘ஆமென்’ படம் வந்து, கிளாரினெட் ஊதும் பையன் நாயகன் என்று நீங்கள் எல்லாரும் கொண்டாடினீர்கள். திரையில் ஊதினால் கொண்டாட்டம், மேடையில் ஊதினால் செலவு.

இளைஞர்களுக்கு வித்தியாசம் தெரியாது என்று குழுவில் ஒருவர் சொன்னாராம். இரண்டு வருடம் முன்னால் திருச்சூரில் வேறொரு கானமேளா, அதாவது மேடைப் பாட்டுக் கச்சேரி, முடிந்து ரீட்டைக் கழற்றித் துடைத்துக்கொண்டிருந்தேன். வயதானவர் ஒருவர் பேரனைக் கூட்டிக்கொண்டு மேடைப் பின்பக்கம் வந்தார். பாட்டின் வரி எதையும் பாடவில்லை. இரண்டாவது சரணத்துக்கு முந்தைய சாக்ஸ் பிட்டை அப்படியே, நிற்கிற இடத்தில் நின்று, முனகிக் காட்டினார். “இது ரெக்கார்டுல ஆரா வாயிச்சது சேட்டா?” என்று கேட்டார். பேரன் அதை அவருக்கு முன்னாலேயே முனகத் தொடங்கியிருந்தான், அதையும் பார்த்தேன். வாசித்தவர் யார் என்று எனக்குத் தெரியும். அவர் இப்போது இல்லை. அந்தப் படத்தின் இசைத்தட்டில் படத்தின் பெயர், பாடகர், இசை, பாடல் என்று நாலு தகவல் இருக்கிறது. கேசட் அட்டையிலும் அதே நாலு. இன்று செல்போனில் கேட்டாலும் அதே நாலுதான். அந்தப் பிட் ஐம்பது வருடமாக ஒருவர் தொண்டையில் இருக்கிறது, வாசித்தவர் பெயர் எங்கேயும் இல்லை.

பெயர் சொன்னால் என்ன ஆகும் என்பதற்கு உங்கள் ஊரிலேயே உதாரணம் இருக்கிறது. 1985-இல் வந்த ‘காதோடு காதோரம்’ படத்தின் தேவதூதர் பாட்டு 2022-இல் இன்னொரு படத்துக்காக மறுபடி வந்து கேரளம் முழுக்க ஆடியது. அப்போது அதற்கு இசையமைத்த ஔசேப்பச்சன், அசல் பதிவில் கீபோர்டு ரஹ்மான், ட்ரம்ஸ் சிவமணி, கிட்டார் ஜான் ஆண்டனி என்று வாசித்தவர்கள் பெயரை எடுத்துச் சொன்னார். எவ்வளவு பேர் அதைப் பகிர்ந்தார்கள்! யார் வாசித்தார்கள் என்று அறிய மக்களுக்கு ஆசை இருக்கிறது. ஆனால் அந்தப் பெயர்கள் பிற்பாடு புகழ் பெற்றவை என்பதையும் மறக்க வேண்டாம். புகழ் பெறாமலே போனவரின் பெயரைச் சொல்லவும் ஒரு மேடை வேண்டும்.

இது கருணை கேட்கிற விஷயமுமல்ல. 2012-இல் திருத்திய பதிப்புரிமைச் சட்டம், தான் வாசித்ததை வாசித்தது தான்தான் என்று அடையாளம் காட்டக் கேட்கும் உரிமையைக் கலைஞருக்குக் கொடுத்திருக்கிறது, 38-பி பிரிவு. அதே சட்டத்தில் ஒரு கொக்கியும் உண்டு. படத்தில் ஒருவரின் பங்கு தற்செயலானது, தொழில் வழக்கப்படி டைட்டிலில் பெயர் வராதது என்றால் அவரைப் பெரும்பாலான உரிமைகளுக்குக் கலைஞராகவே கருத வேண்டியதில்லை. ஆக, பெயர் போடாத வழக்கமே பிறகு உரிமை இல்லாமல் போவதற்குக் காரணமாகிவிடும். எம்.பி. சீனிவாசன் மலையாளப் படங்களுக்கு இசையமைத்துக்கொண்டே சென்னையில் இசைக் கலைஞர்களுக்குச் சங்கம் கட்டினாரே, இந்த மாதிரிக் கொக்கிகளில் நாங்கள் மாட்டக் கூடாது என்றுதான். கேரள அரசின் திரைப்பட விருதுகள் 1969-இல் தொடங்கின; பாடகருக்கு உண்டு, பாடலாசிரியருக்கு உண்டு, இசைக்கும் பின்னணி இசைக்கும் தனித்தனியாக உண்டு, வாசிப்பவருக்கென்று ஒன்று இல்லை. அதை மாற்றுவது உங்கள் வேலையல்ல, அதற்கு வேறு கதவு தட்டிக்கொள்கிறோம். உங்கள் மேடை உங்கள் கையில் இருக்கிறது.

ஆகவே நான் கேட்பது இவை.

இந்த வருட முடிவைத் திரும்பப் பெறுங்கள். சாக்ஸபோனுக்கு ஒருவர், ட்ரம்பெட்டுக்கு ஒருவர், போன வருடம் எடுத்த கிளாரினெட்டுக்கு ஒருவர். ஒரே ஆள் சாக்ஸும் கிளாரினெட்டும் மாற்றி வாசிப்பவராக இருந்தால் இரண்டு பேரோடு முடியும். அது நானாக இருக்க வேண்டும் என்பதில்லை. திருச்சூர் பேண்ட் செட்களில் நோட்ஸ் பார்த்து வாசிக்கத் தெரிந்த இளைஞர்கள் இருக்கிறார்கள், அவர்களில் ஒருவரைக் கூப்பிடுங்கள். ஒத்திகைக்கு முன்னால் பழைய பிட்களை அவருக்குச் சொல்லிக் கொடுக்க நான் என் செலவில் வந்து போகிறேன்.

பாடப்போகும் பாட்டுகளின் பட்டியலையும், அவரவர் கட்டையையும், ஒத்திகைக்கு ஒரு வாரம் முன்னால் அனுப்புங்கள். ஊதுகிறவர்களைக் கடைசி ஒத்திகைக்கு மட்டும் கூப்பிடும் வழக்கத்தை விடுங்கள். மைக் எங்கே வைப்பது என்பதை வாசிப்பவரும் சவுண்ட்காரரும் சேர்ந்து முடிவு செய்ய அரை மணி நேரம் ஒதுக்குங்கள்.

முடிவை மாற்ற முடியாது என்றால், சுவரொட்டியிலிருந்து சாக்ஸபோன் படத்தையும் ‘அப்படியே’ என்ற வாசகத்தையும் எடுத்துவிடுங்கள். ட்ராக் ஓட்டும் பாட்டுக்கு முன்னால் ‘இதில் இந்தப் பகுதி பதிவு செய்யப்பட்டது’ என்று மேடையிலேயே சொல்லுங்கள். டிக்கெட் வாங்கி வருகிறவருக்கு அதைத் தெரிந்துகொள்ள உரிமை உண்டு.

எல்இடி திரையில் பாட்டின் பெயரோடு, அன்று மேடையில் வாசிப்பவர்கள் எல்லாருடைய பெயரையும் போடுங்கள், தபேலாவிலிருந்து பேஸ் கிட்டார் வரை. அசல் பதிவில் வாசித்தவர் யாரென்று உறுதியாகத் தெரிந்த பாட்டுகளுக்கு அவர் பெயரையும் போடுங்கள். சென்னையில் ஓய்விலிருக்கும் மூத்த கலைஞர்கள் சிலரோடு உட்கார்ந்து அந்தப் பட்டியலைத் தயாரித்துத் தருகிறோம். குறைந்தது இரண்டு பேர் ஒத்துச் சொன்னால் மட்டும் பெயர் எழுதுவோம். சந்தேகமிருந்தால் அந்த இடத்தைக் காலியாக விடுவோம், நீங்களும் காலியாகவே விடுங்கள், ஊகத்தில் நிரப்ப வேண்டாம். அந்தக் கலைஞர்களில் பயணம் செய்யக்கூடியவர்களை நிகழ்ச்சிக்கு அழைத்து முன்வரிசையில் உட்கார வையுங்கள். பொன்னாடை வேண்டியதில்லை, ரயில் டிக்கெட்டும் தங்குமிடமும் போதும்.

இந்தக் கோரிக்கைகளில் எதை ஏற்கிறீர்கள், எதை மறுக்கிறீர்கள், ஏன் என்று குழுத் தலைவரின் கையெழுத்தோடு எழுத்தில் பதில் வேண்டும். முதல் ஒத்திகைக்கு முன்னால் வந்தால், ஊதுகிறவர்களுக்கு நோட்ஸ் எழுதித் தர எனக்கு நேரம் இருக்கும்.

இப்படிக்கு,
கோடம்பாக்கத்திலிருந்து ஒரு சாக்ஸபோன் கலைஞன்